வாய் மட்டும் அசைத்த ரோமெட்

கீழ் நிலையத்திலிருந்து மேல் நிலையத்துக்கு ரோப்கார் போய்ச் சேர எட்டு நிமிடம் ஆகும். அந்த எட்டு நிமிடமும் அதை ஓட்டுகிற ரோமெட் நாற்பது பேரோடு ஒரு கண்ணாடிப் பெட்டிக்குள் நிற்க வேண்டும். இறங்கவும் முடியாது, ஒளியவும் முடியாது. வயது ஐம்பது ஆகிவிட்டது, மீசை நரைத்துவிட்டது. ஆனாலும் வீகில்பெர்க் மலையூர்க்காரர்களுக்கு அவர் இன்னும் "படத்துப் பையன்"தான். போதாததற்கு ரோப்கார் கம்பெனிக்காரர்கள் கதவுக்கு மேலே ஒரு புகைப்படத்தைச் சட்டம் போட்டு மாட்டியிருந்தார்கள். அதில் பதிமூன்று வயது ரோமெட், வெள்ளைக் காலர் வைத்த அங்கியோடு, கையில் மெழுகுவர்த்தியோடு, வாயைத் திறந்தபடி நின்றான்.

"இந்தப் பையன் நீங்களா?"

"நான்தாம்மா."

"ஐயோ! ஒரே ஒரு வரி பாடுங்களேன்."

"தொண்டை சரியில்லம்மா."

முப்பத்தேழு வருஷமாகத் தொண்டை சரியில்லை. அடுமனைக்கார ஹெர்மான், "இவருக்குத் தொண்டை ஆறுறதுக்குள்ள மேல இருக்கிற பனியாறே உருகிப் போயிரும்" என்று வண்டியில் எல்லார் காதிலும் விழும்படி சொல்வார். ரோமெட்டும் சேர்ந்து சிரிப்பார். புகைப்படம் அவருடையதுதான், அதனால் "நான்தான்" என்பது பொய்யில்லை. பாடினேன் என்று மட்டும் அவர் ஒரு நாளும் வாய்விட்டுச் சொன்னதில்லை. அந்த ஒன்றைத்தான் தன்னுடைய ஆத்துமத்துக்கு மிச்சமாக வைத்துக்கொண்டிருந்தார்.

நடந்தது இதுதான்.

வீகில்பெர்க் மடத்துப் பாடகர் இல்லத்தில் அப்போது நாற்பது பையன்கள். இன்ஸ்ப்ரூக் நகரத்தில் கச்சேரி, வானொலியில் பாட்டு, பிறகு சினிமாவும் வந்தது. மலைக்கிராமத்து அனாதைப் பையன் ஒருவன் பாடிப் பாடி ஊரையே ஒன்று சேர்க்கும் கதை. இல்லத்தில் முதல் குரல் ரோமெட்டுடையது. முகமும் பால் வடியும் முகம். கோடை முழுக்க அவனை வைத்துப் படம் எடுத்தார்கள். கடைசிக் காட்சி ஒன்று மட்டும் மிச்சமிருந்தது. கதைப்படி, இயேசு பாலன் பிறப்பு நாளில் மலைக்கோவில் வாசலில் மெழுகுவர்த்தியோடு நின்று அவன் பாட வேண்டும். சினிமாக்காரர்கள் பாட்டை முதலில் உள்ளே பதிவு செய்துகொள்வார்கள். பிறகு வெளியே ஒலிபெருக்கியில் அதைப் போட்டு, பையன் வாயசைக்க, படம் பிடிப்பார்கள். பதிவுக்கு அனைத்துப் புனிதர் திருநாளுக்கு அடுத்த வாரம் நாள் குறித்திருந்தார்கள்.

இல்லத்தில் ஒரு வழக்கம் இருந்தது. குரல் உடைந்த பையன் அதை மறைக்கக் கூடாது. காலைப் பயிற்சியில் தானே எழுந்து போய், கழுத்துக் காலரைக் கழற்றி, ஆசிரியரின் பியானோ மேல் வைக்க வேண்டும். ஆசிரியர் ஒன்றும் பேசாமல் அதை மடித்து அலமாரிக்குள் வைப்பார். மற்றவர்கள் எழுந்து நின்று, போகிறவன் கேட்கிற பாட்டை அவனுக்காக ஒரு தடவை பாடுவார்கள். அன்று மதியம் அவன் பெரிய பையன்களின் மேசையில் உட்கார்ந்து மாவுருண்டை போட்ட சூப் சாப்பிடுவான். அதோடு முடிந்தது.

திருநாளுக்கு மறுநாள் காலை ரோமெட்டின் குரல் நடுப்பாட்டில் இரண்டாகப் பிளந்தது. அவன் பயந்துதான் போனான். ஆனாலும் வழக்கப்படி எழுந்து போய்க் காலரைப் பியானோ மேல் வைத்தான். தனக்காக மற்றவர்கள் பாட வேண்டிய பாட்டைக்கூட மனதுக்குள் தேர்ந்துவைத்திருந்தான். ஆசிரியர் பிராக்ஸ்மாரர் அந்தக் காலரையே சற்று நேரம் பார்த்தார்.

"எடு அதை."

"சார், குரல் உடைஞ்சிருச்சு சார்."

"படம் முடியுற வரைக்கும் உன் குரல் உடையல. புரியுதா? கழுத்துல போட்டுக்கிட்டுப் போய் உக்காரு."

ரோமெட் போய் உட்கார்ந்தான். யாரும் அவனுக்காகப் பாடவில்லை.

பாடியது காஸியன். பிறக்கும்போதே மேலுதடு பிளந்து பிறந்த பையன் அவன். தைத்த தழும்பு மூக்குவரை ஏறியிருக்கும். கச்சேரியில் எப்போதும் பின்வரிசையில், தூணுக்குப் பின்னால் நிற்பான். சினிமாக்காரர்கள் வந்த முதல் நாளே கேமராக்காரர் விரலைக் காட்டி, "அந்தப் பையன் மட்டும் வேண்டாம்" என்று சொல்லிவிட்டார். அவனுக்கு மெழுகுவர்த்திப் பெட்டி தூக்குகிற வேலை கொடுத்தார்கள். ரோமெட்டின் குரல் அழகு என்றால், காஸியனுடையது கேட்பவர்களை முழங்காலில் விழவைக்கிற குரல். ஆண்டவர் எதை எங்கே வைக்கிறார் என்பது அவருக்குத்தான் தெரியும்.

பிராக்ஸ்மாரரும் காஸியனும் ஒலிப்பதிவுக்காரரும் மட்டும் கதவைச் சாத்திக்கொண்டு பதிவை முடித்தார்கள். பிறகு மலைக்கோவில் வாசலில் ஒலிபெருக்கியில் காஸியன் பாடினான், ரோமெட் வாயைத் திறந்து மூடினான். கேமராவுக்குப் பின்னால் காஸியன் மெழுகுவர்த்திப் பெட்டியோடு நின்று, தன் குரல் இன்னொருவன் வாயிலிருந்து வருவதைப் பார்த்துக்கொண்டிருந்தான். அவன் முகம் எப்படி இருந்தது என்பதை ரோமெட் பார்க்கவில்லை. பார்க்கத் துணிச்சல் வரவில்லை.

அன்றைக்கே பிராக்ஸ்மாரர் இருவரையும் மாதா பீடத்துக்கு முன்னால் நிறுத்தினார். விஷயம் வெளியே போனால் இல்லத்தின் பேர் கெட்டுவிடும், நாற்பது பையன்களும் வீட்டுக்குப் போக வேண்டியதுதான் என்றார். பாட்டுப் புத்தகத்தின் மேல் இருவரையும் கைவைக்கச் சொன்னார். "நானே உங்களை விடுவிக்கிற நாள்வரைக்கும் வாயைத் திறக்க மாட்டோம்னு சொல்லுங்க." இருவரும் சொன்னார்கள். ஈஸ்டருக்கு முந்தின தபசுகாலத்தில், நோயில்லாமல் நொடியில்லாமல், பிராக்ஸ்மாரர் மாரடைப்பில் போய்ச் சேர்ந்தார். பூட்டியவர் சாவியோடு கல்லறைக்குள் போய்விட்டார். பெட்டிக்குள் இருவரும் அப்படியே இருந்தார்கள்.

படம் நன்றாக ஓடியது. பிறகு தொலைக்காட்சி பிடித்துக்கொண்டது. ஒவ்வொரு டிசம்பர் இருபத்துநான்காம் தேதி மத்தியானமும், பெரியவர்கள் மூடிய கதவுக்குப் பின்னால் கிறிஸ்துமஸ் மரத்தை அலங்கரிக்கும் நேரத்தில், குழந்தைகளை உட்காரவைக்க அந்தப் படத்தைப் போட்டார்கள். ரோமெட் ரோப்காரில் வேலைக்குச் சேர்ந்தார். பக்கத்துப் பள்ளத்தாக்கிலிருந்து நொட்புர்கா என்ற பெண்ணைக் கட்டினார். பதினான்கு வயதில் அந்தப் படத்தை நான்கு தடவை பார்த்து நான்கு தடவையும் அழுதவள் அவள். "நான் இவரை நேர்ல பாக்குறதுக்கு முன்னாடியே இவர் குரலைக் கேட்டுட்டேன்" என்று கல்யாண விருந்தில் அவள் சொன்னபோது எல்லாரும் கைதட்டினார்கள். ரோமெட் தட்டைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

காஸியன் கல்யாணம் கட்டவில்லை. மேலே சறுக்குத் தடத்துப் பனியைச் சமன் செய்யும் வண்டி ஓட்டினார். தினமும் காலை ஆறே முக்காலுக்கு முதல் ரோப்காரில் ஏறுவார். அந்த நேரத்தில் வேறு யாரும் இருக்க மாட்டார்கள். இருபத்திரண்டு வருஷமாகத் தினமும் இருவர் மட்டும்.

"முட்டி எப்படிடா இருக்கு?"

"என்கூடத்தான் இருக்கு. பிரிஞ்சு போக மாட்டேங்குது."

"மேல காத்து பலமா?"

"உன் பொண்டாட்டி திட்டுற அளவுக்கு இல்ல."

அதற்கு மேல் போனதில்லை. தலைக்கு மேலே அந்தப் புகைப்படம் தொங்கும். இருவரும் சன்னலுக்கு வெளியே பார்ப்பார்கள்.

அந்த வருஷம் நவம்பரில்தான் வியன்னாவிலிருந்து தொலைக்காட்சிக்காரர்கள் வந்தார்கள். படத்தைப் பற்றியும் பாடகர் இல்லத்தைப் பற்றியும் ஒரு நிகழ்ச்சி எடுக்கப்போகிறார்களாம். டோரித் என்ற பெண் அதற்குத் தலைமை. நல்ல பெண், கலகலப்பாகப் பேசுவாள்.

"ஐயா, நீங்க ரோப்கார்ல நின்னுக்கிட்டு ரெண்டே ரெண்டு வார்த்தை சொன்னாப் போதும். 'அந்தப் பாட்டை நான் பாடினப்போ மனசுல என்ன இருந்துச்சு'ன்னு. அப்புறம் கீழ இல்லத்துல இப்ப இருக்கிற பையன்கள் அதே பாட்டைப் பாடுவாங்க. என்ன, சரியா?"

இத்தனை வருஷம் வாயை மூடிக்கொண்டிருந்தது ஒன்று. இப்போது வாயைத் திறந்து "நான் பாடினேன்" என்று சொல்லச் சொல்கிறார்கள். சொன்னால் பொய். இல்லையென்று சொன்னால் மாதா முன்னால் செய்த சத்தியம் உடையும். "வியாழக்கிழமை வெச்சுக்கலாமா?" என்றாள் டோரித். தலையை ஆட்டிவிட்டார்.

சனிக்கிழமை பாவசங்கீர்த்தனத்துக்குப் போனார். பங்குச்சாமி போலந்துக்காரர், முப்பது வயது இருக்கும். கம்பிச் சன்னல் வழியாக எல்லாவற்றையும் சொன்னார்.

"பொய்யைக் காப்பாத்தச் செஞ்ச சத்தியம் உங்களைக் கட்டாது," என்றார் சாமி கடைசியில். "உங்க பங்கை நீங்க சொல்லலாம். ஆனா அந்தக் குரலுக்குச் சொந்தக்காரர் உயிரோட இருக்கார் இல்லையா? அவரைக் கேக்காம அவர் பேரை எடுத்து வெளியில வைக்க உங்களுக்கு உரிமை இல்ல."

ரோமெட் வெளியே வந்து கோவில் படியில் சற்று நேரம் நின்றார். ஒரு கயிறு அவிழ்ந்த மாதிரி இருந்தது. ஆனால் கால் நகரவில்லை.

திங்கட்கிழமை முதல் வண்டியில், முதல் தூணைத் தாண்டும்போது, காஸியனிடம் கேட்டுவிட்டார்.

"காஸி, டிவிக்காரங்க வர்றாங்க. நான் பாடலன்னு சொல்லப்போறேன்."

காஸியன் திரும்பவில்லை. "எதைப் பாடல?"

"உனக்குத் தெரியும்."

"எனக்கு ஒண்ணும் தெரியாது. சத்தியம் பண்ணியிருக்கேன்."

"சாமியைக் கேட்டேன். அது கட்டாதாம்."

"சாமிக்கென்ன, அவர் நாளைக்கு வார்சாவுக்கு மாத்தல் வாங்கிட்டுப் போயிருவார். நான் இந்த ஊர்லதான் கெடக்கணும்." காஸியன் இப்போது திரும்பினார். குளிரில் தழும்பு வெளுத்திருந்தது. "நீ இல்லன்னு சொன்னா அடுத்த கேள்வி என்ன? யாருங்கிறதுதான். அப்புறம் கேமராவத் தூக்கிக்கிட்டு எவன் மூஞ்சிக்கு முன்னால வந்து நிப்பாங்க? 'ஐயோ பாவம், இந்த உதட்டுக்காக மறைச்சிட்டாங்களே'ன்னு பொம்பளைங்க அழுவாங்க. எனக்கு வேணாம்டா."

"உன்னோடதை நான் எடுத்துக்கிட்டேன்டா."

"எவன்டா சொன்னான்? வருஷா வருஷம் அந்தப் பாட்டைக் கேட்டு இந்த நாடே அழுவுது. ஒருத்தரும் என் உதட்டைப் பாக்கல. வெறும் குரலைக் கேக்குறாங்க. அப்படி ஒரு நாள் எனக்கு வருஷத்துக்கு ஒண்ணு இருக்கு. அதைக் கெடுத்துராத."

மேல் நிலையம் வந்தது. காஸியன் இறங்கி, திரும்பிப் பார்க்காமல் தன் வண்டிப்பக்கம் போய்விட்டார்.

ரோமெட் இப்படி ஒரு பதிலை நினைத்துப் பார்த்ததே இல்லை. இத்தனை வருஷமாக ஒரு திருடனைப் போலத் தலைகுனிந்து நின்றது இந்த மனிதருக்கு முன்னால்தான். அந்த மனிதரே இப்போது கதவைப் பிடித்துச் சாத்துகிறார்.

வியாழக்கிழமை நல்ல மூடுபனி. ரோப்காரில் ரோமெட், டோரித், கேமராக்காரர், ஒலிவாங்கிக் கோலைப் பிடித்த ஒரு வயதானவர், இவர்கள் மட்டும். கேமராவில் சிவப்பு விளக்கு எரிந்தது.

"சொல்லுங்கய்யா. அந்தப் பாட்டை நீங்க பாடினப்போ..."

ரோமெட் மனதுக்குள் மாதாவைக் கூப்பிட்டார். "நான் பாடலம்மா," என்றார்.

"என்னது?"

"எனக்கு அப்பவே குரல் உடைஞ்சிருச்சு. நான் வாய் மட்டும்தான் அசைச்சேன். பாடினது வேற ஒரு பையன்."

டோரித் கையைக் காட்டினாள், சிவப்பு விளக்கு அணைந்தது. அவள் முகத்தில் கலகலப்பு போய்விட்டிருந்தது. "யாரு அந்தப் பையன்?"

"அது நான் சொல்றதுக்கில்ல."

"இருக்காரா? செத்துட்டாரா?"

ரோமெட் வாயை மூடிக்கொண்டார். அவருக்கு நன்றாகப் பழகிய வேலைதான்.

"ஐயா, பேரில்லாம, ஆதாரமில்லாம இதை நான் எப்படிப் போடுறது? அதுவும் பண்டிகை அன்னைக்கு? வீட்டுல குழந்தைங்க உக்காந்து பாப்பாங்க." அவள் நெற்றியைத் தேய்த்தாள். பிறகு இளகிப்போய், "சரி விடுங்க. நீங்க ஒண்ணும் சொல்ல வேணாம். சும்மா சன்னலுக்கு வெளிய பாத்துக்கிட்டு நில்லுங்க. அது போதும்," என்றாள்.

ரோமெட்டுக்கு அப்பாடா என்றிருந்தது. பொய் சொல்லாமல் தப்பித்தோம் என்று சன்னலோரம் போய் நின்றார். கேமரா அவர் முகத்தை வெகுநேரம் பிடித்தது.

இறங்கும்போது அந்த வயதானவர் ஹெட்போனைக் கழுத்தில் இறக்கிவிட்டு, மற்றவர்கள் முன்னால் போகட்டும் என்று நின்றார். "நான் நம்புறேன்," என்றார் மெதுவாக. "போன வருஷம் அந்தப் படத்தோட சத்தத்தை நான்தான் சுத்தம் பண்ணினேன். அந்த உச்ச சுரத்துல உங்க தொண்டை அசையவே இல்ல. மூச்சும் வேற எடத்துல. அந்தப் பையனைப் பாத்தா என் வணக்கத்தைச் சொல்லுங்க."

ரோமெட்டுக்குக் கண் கலங்கிவிட்டது. மூக்கைச் சிந்துவதுபோல் கைக்குட்டையை எடுத்தார்.

அன்று சாயங்காலமே நொட்புர்காவிடம் எல்லாவற்றையும் சொன்னார், பேரைத் தவிர. அவள் இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள். ஒரே சட்டையின் ஒரே கையை மூன்று தடவை தேய்த்தாள்.

"அப்ப நான் யாரைப் பாத்து அழுதேன்?"

"என்னைப் பாத்துதான். கேட்டது வேற ஆளை."

"அந்த வேற ஆளு யாரு?"

"கேக்காத புர்கி."

"இருபத்தஞ்சு வருஷம் ஒரே கட்டில்ல படுத்து எந்திரிச்சிருக்கோம் ரோமெட். நீ டிவிக்காரிகிட்ட சொன்னதுக்கு அப்புறம்தான் எனக்குச் சொல்ற." இஸ்திரிப்பெட்டியை நிமிர்த்தி வைத்துவிட்டு உள்ளே போனாள். நான்கு நாள் தேவைக்கு மட்டும் பேசினாள். ஐந்தாம் நாள் காப்பி ஊற்றும்போது, "வேற யாருக்குத் தெரியும்?" என்று கேட்டாள்.

"பங்குச்சாமிக்கு. ஒரு மைக்காரருக்கு."

அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. சிரித்ததற்காக இன்னும் கோபப்பட்டாள்.

காஸியனிடமும் மறுநாளே சொல்லியிருந்தார். "நான் இல்லன்னு சொல்லிட்டேன். உன் பேரைச் சொல்லல." காஸியன் அன்றிலிருந்து எதிர்ச் சன்னல்பக்கம் திரும்பி நின்றுதான் மேலே போனார். முட்டியும் இல்லை, காற்றும் இல்லை. கொடுத்தனுப்பின வணக்கத்தை ரோமெட் எப்படிக் கொடுப்பது என்று தெரியாமல் வைத்துக்கொண்டிருந்தார்.

டிசம்பர் இருபத்துநான்கு, மத்தியானம் மூன்று மணி. அடுப்பில் நூடுல்ஸ் சூப் கொதித்தது. நொட்புர்கா வனிலா பிஸ்கட் தட்டோடு வந்து உட்கார்ந்தாள். நிகழ்ச்சி ஓடியது. இல்லம், பழைய புகைப்படங்கள், இப்போதைய பையன்கள். பிறகு ரோப்கார். மூடுபனி. சன்னலோரம் ரோமெட், மூடிய வாயோடு.

அவர் முகத்தின் மேல் காஸியனின் குரல் எழுந்தது.

மேலும் மேலும் ஏறியது. திரையில் ரோமெட் வெளியே பார்த்துக்கொண்டே இருந்தார். "அந்தப் பாட்டு இன்றும் அவருக்குள்ளே ஒலித்துக்கொண்டுதான் இருக்கிறது" என்று டோரித்தின் குரல் சொன்னது.

நாற்காலியில் இருந்த ரோமெட்டுக்கு இப்போதுதான் விளங்கியது. சும்மா நிற்கச் சொன்னது இதற்குத்தான். பதிமூன்று வயதிலாவது வாயசைக்க வேண்டியிருந்தது. இப்போது அதுகூடத் தேவைப்படவில்லை.

நொட்புர்கா திரையைப் பார்க்காமல் அவரைப் பார்த்தாள். "நிறுத்திரட்டுமா?"

"வேணாம்," என்றார். "நல்லாப் பாடுறான். கேளு."

அவள் கண்ணை மூடிக்கொண்டு கேட்டாள். பாட்டு முடிவதற்குள் தொலைபேசி அடிக்க ஆரம்பித்தது. ஹெர்மானாக இருக்கும், இல்லாவிட்டால் அவள் தங்கையாக இருக்கும். இருவரும் எழுந்திருக்கவில்லை. மணி அடித்து ஓய்ந்தது. மறுபடியும் அடித்தது.

இருபத்தாறாம் தேதி காலை முதல் வண்டிக்குக் காஸியன் வந்தார். ஏறி, எதிர்ச் சன்னல்பக்கம் போகாமல் ரோமெட்டின் பக்கத்தில் நின்றார்.

"பயந்து செத்தேன்டா. ஒண்ணும் வரல."

"ஆமா. ஒண்ணும் வரல."

"எங்க அக்கா அழுதா. பக்கத்து வீட்டுக்காரியும் அழுதா." காஸியன் கையுறையைக் கழற்றி மறுபடி மாட்டினார். "நீ சொல்லிட்டேன்னியே. நெசமாவே சொன்னியா?"

"சொன்னேன். அந்த மைக்காரர் உனக்கு வணக்கம் சொல்லச் சொன்னார். ஆளு யாருன்னு தெரியாது அவருக்கு. அந்தப் பையனுக்குன்னு சொன்னார்."

கண்ணாடியில் காஸியனின் மூச்சு படிந்தது. அதை முழங்கையால் துடைத்தார்.

"அடுத்த வருஷமும் போடுவாங்க," என்றார்.

"போடுவாங்க."

"நாம செத்தப்புறமும் போடுவாங்கடா."

"போடுவாங்க காஸி."

வண்டி மேலே போய் நின்றது. காஸியன் அவர் தோளில் ஒரு தட்டுத் தட்டிவிட்டு இறங்கிப் போனார். ரோமெட் கதவைச் சாத்தினார். கீழ் நிலையத்தில் முந்தாநாள் நிகழ்ச்சியைப் பார்த்தவர்கள் அடுத்த வண்டிக்கு இப்போதே வரிசையில் நிற்பதாகத் தொலைபேசியில் சொன்னார்கள், வழக்கத்தைவிட மூன்று மடங்குக் கூட்டமாம். அவர் சிலுவை அடையாளம் போட்டுக்கொண்டு பொத்தானை அழுத்தினார். வெற்று வண்டி மூடுபனிக்குள் இறங்கத் தொடங்கியது.